மைக்கில் விட்ட பேர்

திண்டிவனத்தில் ஒரு வீட்டில் சாவு விழுந்தால், அந்தக் காலத்தில் முதல் ஆள் ஓடுவது பூக்கடைக்கு இல்லை, பாண்டுரங்கன் வீட்டுக்கு. "அண்ணே, அப்பா போயிட்டாரு. வந்து மைக்குல சொல்லிடுங்க" என்பார்கள். அவரும் குடித்துக்கொண்டிருக்கிற டீயைப் பாதியில் வைத்துவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்புவார். விருத்தாசலம் வைத்திருந்த சவுண்டு சர்வீஸ் ஆட்டோ, மேலே ரெண்டு குழாய் ஸ்பீக்கர், உள்ளே ஒரு ஆம்ப்ளிஃபயர், ஒரு பேட்டரி, கையில் மைக். சாமான் அவ்வளவுதான். மிச்சமெல்லாம் பாண்டுரங்கன் தொண்டை.

சும்மா சொல்லக் கூடாது, அப்படி ஒரு குரல். சாவுச் சேதிதானே என்று அழுகிற மாதிரி இழுக்க மாட்டார். ஓட்டுக் கேட்கிறவன் மாதிரி கத்தவும் மாட்டார். ஒவ்வொரு பேரையும் தனியாக, நிறுத்தி, மரியாதையோடு சொல்வார். அடுப்படியில் இருக்கிற பொம்பளைகள் கையில் கரண்டியோடு வாசலுக்கு வந்து, முழுசையும் கேட்டுவிட்டுத்தான் உள்ளே போவார்கள்.

அவர் இந்த வேலைக்கு வந்தது 1993-ல். அதற்கு முன்னால் மல்லாட்டை மண்டியில், வேர்க்கடலை மூட்டை கொண்டுவருகிறவர்களைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிற வேலை. "பெருமுக்கல் சக்கரபாணி! வல்லம் தேவநாதன்!" என்று இங்கே நின்று கூப்பிட்டால், தெருக்கோடி டீக்கடையில் உட்கார்ந்திருக்கிற ஆள் கிளாஸை வைத்துவிட்டு எழுந்து வருவான். ஒரு நாள் விருத்தாசலத்திடம் மைக் படிக்கிற ஆள் சொல்லாமல் கொள்ளாமல் ஊருக்குப் போய்விட்டான். விருத்தாசலம் நேரே மண்டி வாசலில் ஆட்டோவைக் கொண்டுவந்து நிறுத்தினார். "யோவ் பாண்டு, தொண்ட இருக்குதில்ல, ஏறுய்யா ஜல்தி. நாலு மணிக்குப் பொணம் எடுக்கணும், இன்னும் ஒரு தெருவுக்குக்கூட சொல்லல" என்று காகிதத்தைக் கையில் திணித்தார். ஏறினவர்தான். பதினைந்து வருஷம் இறங்கவே இல்லை.

சாவு மைக்கைப் பற்றி வெளியூர்க்காரர்களுக்கு ஒன்று தெரியாது. செத்தது யார் என்று கேட்கவா சனம் வாசலுக்கு வருகிறது? அது ஆட்டோ கிளம்புவதற்கு முன்னாலேயே பாதி ஊருக்குத் தெரிந்திருக்கும். காதைத் தீட்டிக்கொண்டு கேட்பது அதற்குப் பின்னால் வருகிற வரிசையை. இன்னாரின் மனைவியும், இன்னார் இன்னாரின் தாயாரும், இன்னாரின் மாமியாருமாகிய என்று போகும் இல்லையா, அதை. யார் பேர் முதலில் வந்தது, யார் பேர் கடைசியில் வந்தது, யார் பேர் வரவே இல்லை. பேர் வரவில்லை என்றால் அந்த ஆளை வீட்டுக்காரர்கள் தள்ளிவிட்டார்கள் என்று அர்த்தம். அதற்குப் பஞ்சாயத்தும் வேண்டாம், பத்திரமும் வேண்டாம்.

1996-ல் மயிலம் ரோட்டில் ஒரு பெரியவர் செத்தபோது, எழுதிக் கொடுத்த ஆளின் கைமறதியில் சின்ன மருமகன் பேர் விட்டுப்போனது. அந்த மருமகன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு பாடைக்குப் பக்கத்தில் வந்து நின்றுவிட்டான். "எம் பேர எவன்டா எடுத்தது? நான் இன்னா செத்துட்டனா?" வீட்டுக்காரர்கள் கையைப் பிடித்தார்கள், தெரியாமல் நடந்துவிட்டது என்றார்கள். அவன் கேட்கவில்லை. "நீங்க எங்கிட்ட சொன்னா ஆச்சா? ஊருல ஒவ்வொருத்தனும் கேட்டானே, அவன் காதுக்கு யார் சொல்றது?"

பாண்டுரங்கன் உடனே ஆட்டோவைத் திருப்பச் சொன்னார். அதே தெருக்கள், அதே மூலைகள். "முன்னர் அறிவித்ததில் திருத்தம்" என்று தொடங்கி, முதலிலிருந்து கடைசி வரைக்கும் மறுபடி படித்தார். பிணம் ஒன்றரை மணி நேரம் காத்துக் கிடந்தது. அன்றிலிருந்து அது அவருடைய சட்டமாகவே ஆகிவிட்டது. "மைக்குல விட்டத மைக்குலதான் சேக்கணும். காதுல போய் சொன்னா ஆவாது" என்பார். இந்தச் சட்டத்துக்காகவே ஊரில் அவருக்கு ஒரு மதிப்பு இருந்தது.

இப்படிப்பட்ட மனுஷன்தான் அந்தக் காரியத்தைச் செய்தார். சொல்லவே ஆத்திரம் வருகிறது.

பாண்டுரங்கனுக்குப் பெண்சாதி கெங்கம்மாள், மகன் ராஜ்குமார், மகள் தமிழ்ச்செல்வி. மகளுக்கு முத்து முத்தான எழுத்து. சாவு வீட்டில் அழுதுகொண்டே கிறுக்கித் தருகிற காகிதத்தை ஓடுகிற ஆட்டோவில் வைத்துப் படிக்க முடியாது. அதனால் பள்ளிக்கூடம் படிக்கிற காலத்திலிருந்தே அந்தப் பெண்தான் எல்லாவற்றையும் பெரிய எழுத்தில் திருப்பி எழுதிக் கொடுக்கும். எழுதி முடித்ததும் விரலை மடக்கி மடக்கிப் பேர்களை எண்ணும். "நைனா, நாலு புள்ளைங்கன்னு சொன்ன, மூணுதான் இருக்குது. இன்னொண்ணு யாருன்னு கேட்டுக்கினு வா" என்று திருப்பி அனுப்பும். அவரும் சரி என்று மறுபடி சாவு வீட்டுக்குப் போவார். அவர் படித்த வரிசையில் பிழை வராமல் இருந்ததற்குப் பாதிப் பெருமை அந்த விரல்களுக்குத்தான் சேர வேண்டும். அவர் அதை வெளியில் சொன்னதும் உண்டு. "எம் பொண்ணு எண்ணிட்டா தப்பாது" என்பார்.

பெண் படித்து முடித்து ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலைக்குப் போனது. மரக்காணத்துக்கு அந்தப் பக்கம் கடலோரத்துக் குப்பத்திலிருந்து பிரேம்குமார் என்று ஒரு பையன், பாஸ்போர்ட்டுக்கு நகல் எடுக்க அந்தக் கடைக்கு வந்தான். அப்பன், அண்ணன் எல்லாரும் கடலுக்குப் போகிறவர்கள். இவன் மட்டும் மஸ்கட்டுக்கு முயற்சி பண்ணிக்கொண்டிருந்தான். ஒரு நகல் எடுக்க எத்தனை தடவைதான் வருவான்? 2001-ல் ரெண்டு பேரும் மயிலம் மலையில் மாலை மாற்றிக்கொண்டு, நேரே திண்டிவனத்துக்கு வந்து வாசலில் நின்றார்கள்.

பாண்டுரங்கன் அடிக்கவில்லை, திட்டவில்லை. அடித்திருந்தால்கூடப் பரவாயில்லை. "நாம மண்ணுல நிக்கிற சனம், அவங்க தண்ணியில நிக்கிற சனம். உள்ள வராத" என்று கதவைச் சாத்தினார். உள்ளே திரும்பி, "இனிமே அந்தப் பேரு இந்த ஊட்டுல வரக் கூடாது" என்றார். கெங்கம்மாள் அவருக்குத் தெரியாமல் மாசத்துக்கு ஒரு தடவை மரக்காணம் பஸ் ஏறிப் போய்வந்துகொண்டிருந்தாள். அது அவருக்கும் தெரியும். தெரியாத மாதிரி இருந்தார்.

2003 தை மாசம் கெங்கம்மாள் படுத்தாள். சிறுநீரகம் ரெண்டும் போய்விட்டது. கடைசி நாளில் அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "நான் பூட்டா மைக்குல எம் பொண்ணு பேர வுட்டுடாதய்யா." அவர் "ம்" என்றார். ஆமாம், "ம்" என்றுதான் சொன்னார்.

விடிந்தால் சாவு. விருத்தாசலம், "நீ ஊட்டுல இருய்யா, வேற ஆள வெச்சிப் படிச்சிக்கலாம்" என்றார். "எம் பொண்டாட்டிக்கு நான்தான் படிப்பேன்" என்று ஏறினார் பாண்டுரங்கன். காகிதத்தை எழுதினது ராஜ்குமார். தங்கச்சி பேரும் இருந்தது, பிரேம்குமார் பேரும் இருந்தது. முதல் நிறுத்தம் மேம்பாலத்தடி. வெளியூர் பஸ்ஸெல்லாம் நிற்கிற இடம். பெருமுக்கல்காரர்கள் நாலு பேர், பங்காளிகள், சாவுக்கு வந்து இறங்கி ஆட்டோவையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். பேர் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. அந்த நாலு முகத்தையும் பார்த்தார். அவ்வளவுதான். "ராஜ்குமார் அவர்களின் அன்புத் தாயாரும், சூர்யகலா அவர்களின் மாமியாரும் ஆகிய கெங்கம்மாள்" என்று போய்விட்டார். சூர்யகலா ராஜ்குமாரின் பெண்சாதி, கல்யாணமாகி ஆறு மாசம்கூட ஆகவில்லை. வந்தவள் பேர் வந்தது, பெற்ற மகள் பேர் போனது.

முதல் தெருவில் விட்டதை இரண்டாவது தெருவில் எப்படிச் சேர்ப்பது? பதினேழு இடத்தில் படித்தார். பதினேழு இடத்திலும் விட்டார்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு, மேம்பாலத்தடியில் வேகவைத்த மல்லாட்டை விற்கிற வீரம்மாள் அவரை நிறுத்தினாள். "யோவ் மைக்காரே, அன்னைக்கு உம் பொண்ணு வந்துச்சு, தெரியுமா?"

"எங்க வந்துச்சு?"

"இங்கதான். நீ படிச்சிக்கினு இருக்க சொல்ல மரக்காணத்து பஸ்ஸுல வந்து எறங்குச்சு. கையில மால. அப்படியே இந்தத் தூணாண்ட நின்னுடுச்சு. நீ பேரு சொல்லச் சொல்ல வெரல மடக்கிக்கினே வந்துச்சு. முடிச்சதும் கொஞ்ச நேரம் கையையே பாத்துக்கினு இருந்துச்சு. அப்புறம் மாலைய எங் கூடை மேல வெச்சிட்டு, 'அம்மாவுக்குப் போட்டுடுங்கக்கா'ன்னு சொல்லிட்டு அதே பஸ்ஸுல ஏறிப் பூட்டுது. நான்தான் கடைய வுட்டுட்டு ஓடியாந்து போட்டேன். நல்லா இருப்பியாய்யா நீ?"

விருத்தாசலத்துக்கும் இந்தச் சேதி போனது. வீட்டுக்கே வந்து ஆட்டோ சாவியை முன்னால் வைத்தார். "எடுத்துக்கினு போய்யா. ஒரு சுத்து போய் திருத்திப் படிச்சிட்டு வந்துடு. ஊருக்கெல்லாம் சட்டம் சொல்றியே, அது உனக்கு இல்லியா?" பாண்டுரங்கன் சாவியைத் தொடவில்லை. "அவ வந்து கேக்கட்டும், அப்பறம் பாக்கலாம்" என்றார். அவள் எதற்கு வந்து கேட்பாள்? அந்த வருஷமே புருஷனோடு மஸ்கட்டுக்குப் போய்விட்டாள்.

வீராப்பு அஞ்சு வருஷம் ஓடியது. 2008-ல் பாண்டுரங்கன் தொண்டையில் கட்டி என்றார்கள். புதுச்சேரியில் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்து எடுத்தார்கள். குரல் வருகிற நரம்பு மேலேயே கட்டி உட்கார்ந்திருந்தது, எடுக்காவிட்டால் ஆள் தங்க மாட்டார் என்று சொல்லித்தான் எடுத்தார்கள். ஆள் தங்கினார். குரல் தங்கவில்லை. அதற்குப் பிறகு அவர் பேசினால் காற்றுதான் வரும். பக்கத்தில் உட்கார்ந்து வாயைப் பார்த்தால் புரியும். பார்க்க வந்த விருத்தாசலம், அவர் பதினைந்து வருஷம் பிடித்த மைக்கை ஒரு மஞ்சள் பையில் போட்டுக் கொண்டுவந்து மடியில் வைத்துவிட்டு, "உன்னுதுதான், வெச்சிக்கோ. தொண்ட இருந்த வரைக்கும் மனசு வரலியேய்யா உனக்கு" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மனசு அப்போதுதான் வந்தது. வேலை இல்லை, பேச்சு இல்லை, நாள் முழுக்க உட்கார்ந்தால் மனுஷனுக்கு வேறு என்ன வரும்? தமிழ்ச்செல்வி ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் அண்ணனுக்குப் போன் பண்ணுவாள். ஒரு தடவை பாண்டுரங்கன் போனைக் கையில் வாங்கிக் காற்றாக ஏதோ சொன்னார். அந்தப் பக்கம், "அண்ணனாண்ட குடுங்க" என்று ஒரே வார்த்தை. ராஜ்குமார் எடுத்துப் பேச்சை மாற்றினான். "போன்ல சொல்ற சமாச்சாரம் இல்லடா அது" என்று மகன் காதருகில் சொன்னார் பாண்டுரங்கன். போனில் சொன்னால் அது காதில் போய்ச் சொன்ன மாதிரிதான். அவர் சட்டப்படி அது ஆகாது.

2015 பொங்கலுக்கு ராஜ்குமார் ஸ்மார்ட் டி.வி. வாங்கினான். சுவரில் உயரமாக மாட்டி, மேலே ஒரு சின்ன கேமராவையும் வைத்தான். அந்த வெள்ளிக்கிழமை டி.வி. முழுக்கத் தமிழ்ச்செல்வி முகம் வந்தது. பாண்டுரங்கன் எழுந்து நின்றுவிட்டார். பதினாலு வருஷம் ஆகிறது அந்த முகத்தைப் பார்த்து. காதோரம் நரை விழுந்திருந்தது. அவர் வாய் அசைந்தது. "ஃபேன் சத்தம்தான் வருது. அவரு இன்னா சொல்றாரு?" என்றாள் அவள், அண்ணனைப் பார்த்து. "நல்லா இருக்கியான்னு கேக்குறாரு." "ம்" என்றாள். கேமராவுக்குப் பக்கத்தில் போய்ப் பார்த்தார். எக்கி நின்றால் நெற்றிதான் தெரிகிறது, காற்றுக் குரல் அதற்கும் எட்டவில்லை.

ஆனால் ஒன்று பிடிபட்டது. போனை வெட்டுகிற மாதிரி இதை அவளால் வெட்ட முடியாது. அண்ணன், அண்ணி, எல்லாரும் எதிரே உட்கார்ந்திருக்கிறார்கள். மைக் மட்டும் இருந்தால் போதும். அன்று விட்டதை இன்று அவள் எதிரிலேயே திருத்திப் படித்துவிடலாம். அன்றே மகனிடம் மஞ்சள் பையைக் காட்டினார்.

"நைனா, டி.வி.க்கு இந்த மைக்கு சேராது" என்றான் ராஜ்குமார். "யு.எஸ்.பி.ல சொருகுற மாதிரி ஒரு சின்ன டப்பா இருக்குது, அது வழியாத்தான் குடுக்கணும். அதுவும் இந்த டி.வி. எடுக்குமான்னு தெரியல. ஆர்டர் போட்டிருக்கேன், வரட்டும்."

டப்பா திங்கட்கிழமை வருமாம். கெங்கம்மாள் தெவசம் அதற்கு முந்தின வெள்ளிக்கிழமை. அம்மாவுக்குப் போடுகிற படையலைப் பார்க்க வேண்டும் என்று தமிழ்ச்செல்வியே கேட்டு, அன்றைக்குக் காலையில் டி.வி.யில் வருவதாகச் சொல்லியிருந்தாள். கெங்கம்மாளுக்குப் படிக்க வேண்டியதை கெங்கம்மாள் நாளில்தானே படிக்க வேண்டும்? திங்கட்கிழமை யாருக்கு வேண்டும்? பாண்டுரங்கன் மேம்பாலம் வரைக்கும் நடந்து போய், விருத்தாசலம் கடையில் மைக்கின் தடித்த பின்னைச் சின்ன ஓட்டையில் சொருகுகிற கன்வெர்ட்டர் ஒன்று வாங்கிவந்தார். டி.வி.யின் விலாவில் இருந்த ஓட்டைகளைக் கண்ணாடி போட்டுக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்தார். ஒன்றின் பக்கத்தில் காதில் மாட்டுகிற படம் போட்டிருந்தது. டெலிபோன் ஆபீசில் காதில் மாட்டிக்கொள்கிறவர்கள்தானே வாய்க்கு நேராக மைக்கும் வைத்திருப்பார்கள்? இதுதான் மைக் ஓட்டை என்று முடிவு பண்ணிக்கொண்டார். பின்னும் அளவெடுத்த மாதிரி அதில் போய் உட்கார்ந்தது.

வெள்ளிக்கிழமை படையல் போட்டாகிவிட்டது. கெங்கம்மாள் படத்துக்கு மாலை, வாழையிலை, கேப்பைக் கூழ், அவளுக்குப் பிடித்த கருவாட்டுக் குழம்பு. தமிழ்ச்செல்வி டி.வி.யில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்தாள். "வடை கரிஞ்சி பூட்டுது அண்ணி" என்று கிண்டல்கூடப் பண்ணினாள். பிறகு, காக்காவுக்குச் சோறு வைக்க ராஜ்குமாரும் சூர்யகலாவும் மாடிக்குப் போனார்கள். காக்கா எடுத்தால்தான் மற்றவர்கள் இலையில் உட்கார முடியும். அன்றைக்குப் பார்த்துக் காக்காவைக் காணோம். "கா... கா..." என்று மாடியில் கூப்பிடுகிற சத்தம் கேட்டது.

கூடத்தில் பாண்டுரங்கனும் டி.வி.யில் மகளும்தான். அவள் இந்தப் பக்கம் பார்க்காமல் படையலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் மஞ்சள் பையைப் பிரித்து, மைக்கை எடுத்து, பின்னைச் சொருகினார். சொருகினதும் டி.வி. சத்தம் பட்டென்று அடங்கிவிட்டது. வேறு யாராவது இருந்தால் பயந்து பிடுங்கியிருப்பார்கள். பாண்டுரங்கனுக்கோ சந்தோஷம். மைக்கைத் திறக்கும்போது பக்கத்தில் இருக்கிற ஸ்பீக்கர் பாக்ஸை அடக்கிவிட வேண்டும், இல்லாவிட்டால் கூவும். அவர் தொழிலில் முதல் பாடமே அதுதான். டி.வி. தானாகவே அடக்கிக்கொண்டதைப் பார்த்ததும், மைக்கை எடுத்துக்கொண்டுவிட்டது என்றே நம்பிவிட்டார்.

சட்டைப் பையிலிருந்து காகிதத்தை எடுத்தார். அவரே பெரிய எழுத்தில் எழுதினது. மைக்கின் பொத்தானைத் தள்ளி, தலையில் ரெண்டு தட்டுத் தட்டிவிட்டுப் படிக்கத் தொடங்கினார். "முன்னர் அறிவித்ததில் திருத்தம். திண்டிவனம் மைக் பாண்டுரங்கன் அவர்களின் மனைவியும், தமிழ்ச்செல்வி, ராஜ்குமார் ஆகியோரின் அன்புத் தாயாரும், பிரேம்குமார், சூர்யகலா ஆகியோரின் மாமியாரும் ஆகிய கெங்கம்மாள் அவர்கள்..." மகனுக்கு இளையவள் பேரை முன்னால் போட்டிருந்தார். ஒவ்வொரு பேரையும் பழையபடி நிறுத்தி நிறுத்திச் சொன்னார். கடைசியில் காகிதத்தில் இல்லாத ஒன்றையும் சேர்த்தார். "பேரை விட்டது நான்தான். வேற யாரும் இல்ல. மன்னிச்சிக்கோம்மா."

நிமிர்ந்து பார்த்தார். தமிழ்ச்செல்வி அவரையேதான் பார்த்துக்கொண்டிருந்தாள். கையில் விரல்கள் மடங்கியிருந்தன. முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். கேட்டுவிட்டாள் என்றே நினைத்தார். நெஞ்சிலிருந்து எதையோ இறக்கி வைத்தாகிவிட்டது. பன்னிரண்டு வருஷம்! அவருக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

அப்போது அந்தப் பக்கம் ஒரு சின்னப் பெண் ஓடிவந்து அவள் மடியில் ஏறியது. ஆறு வயசு இருக்கும், பேத்தி. இந்தப் பக்கம் விரலைக் காட்டி ஏதோ கேட்டது. தமிழ்ச்செல்வி பதில் சொன்னாள். டி.வி.யில் சத்தமில்லை, வாய்தான் அசைந்தது. பாண்டுரங்கனுக்குக் கையில் பிடித்திருந்த மைக் லேசாக முனகுகிற மாதிரி இருந்தது. ஒயர் ஆடுகிறதோ என்று மைக்கின் தலையைத் திருகிப் பார்த்தார். அப்புறம் காதில் வைத்தார்.

மைக் பேசியது. பதினைந்து வருஷம் அவர் பேசக் கேட்ட மைக், எறும்புக் குரலில் அவருக்குச் சொன்னது.

"யாரும்மா அது?"

"ராஜ்குமார் மாமாவோட அப்பா."

"எதுக்கு மைக்கு வெச்சிக்கினு இருக்காரு?"

"அவருக்கு அதான் வேல."

"இன்னா சொல்றாரு?"

"தெரியலடி. ஒண்ணும் கேக்கல. வாய் மட்டும் அசையுது."

மாமாவோட அப்பா. உன் தாத்தா என்று சொல்லவில்லை. என் அப்பா என்று சொல்லவில்லை. கோபமாகக்கூடச் சொல்லவில்லை, தெருவில் போகிற ஆளைக் காட்டிச் சொல்கிற மாதிரிச் சொன்னாள். பேரை விட்டால் எப்படி இருக்கும் என்று பாண்டுரங்கனுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. மைக்கைக் காதிலிருந்து எடுக்கவும் முடியாமல், வைத்திருக்கவும் முடியாமல் நின்றார்.

"காக்கா எடுத்துடுச்சி நைனா, அம்மா சாப்ட்டுட்டா!" என்று சொல்லிக்கொண்டே ராஜ்குமார் படியிறங்கி வந்தான். அப்பா நிற்கிற கோலத்தைப் பார்த்தான், டி.வி.யின் விலாவைப் பார்த்தான். "அய்ய, இன்னா நைனா பேஜாரு பண்ணி வெச்சிருக்க? இது ஹெட்போன் ஓட்ட. சத்தம் வெளிய வர்ற வழி, உள்ள போற வழி இல்ல. டி.வி. சத்தந்தான் ஒயர் வழியா மைக்குக்குள்ள வந்து முனகியிருக்கும். நீ பேசுனது ஒண்ணுகூட போயிருக்காது" என்று பின்னைப் பிடுங்கினான்.

கூடம் முழுக்கத் தமிழ்ச்செல்வி குரல் வந்து விழுந்தது. "அண்ணா, உனக்குக் கேக்குதா? அவரு ஏதோ காகிதம் வெச்சிப் படிச்சாருண்ணா. எனக்கு ஒண்ணுமே வரல. இன்னா படிச்சாருன்னு கேளுண்ணா."

மடக்கின விரல் இன்னும் மடங்கியபடியே இருந்தது. அவளுக்கென்ன தெரியாதா? மைக்கும் காகிதமும் வைத்துக்கொண்டு அந்த மனுஷன் வாய் அசைந்தால் அது எந்த வரிசை என்று அவளைவிட யாருக்குத் தெரியும்? பேர் இருந்ததா என்பதுதான் தெரிய வேண்டும். அதைத்தான் கேட்டாள்.

"தங்கச்சி கேக்குதில்ல நைனா? ஸ்டூல் போடறேன், ஏறி கேமராகிட்ட சொல்லு. இல்ல எங்காதுல சொல்லு, நான் சொல்லிடறேன்" என்றான் ராஜ்குமார். சூர்யகலா ஃபேனை நிறுத்தினாள். ஒரே அமைதி. காற்றுக் குரலுக்குக்கூட அந்த அமைதி போதும்.

மேம்பாலத்தடியில் அன்று நாலு பேர் நின்றார்கள். இன்று யாரும் இல்லை. பெற்ற பிள்ளைகள்தான். ஆனாலும் பாவி மனுஷனுக்கு "மாமாவோட அப்பா" என்ற அந்த ரெண்டு வார்த்தை தொண்டையில் குறுக்கே நின்றது. காகிதத்தை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். மகன் காதுப் பக்கம் குனிந்தார்.

"இன்னாவாம்ண்ணா?" என்றாள் தமிழ்ச்செல்வி.

"ஒண்ணுமில்லையாம்மா" என்றான் ராஜ்குமார். "மைக் டெஸ்டிங்காம்."

அவள் பார்வை அவர் சட்டைப் பைக்குப் போனது. "ம். சரிண்ணா, நீங்க சாப்புடுங்க, நான் வெச்சிடறேன்" என்றாள். மடக்கியிருந்த விரல்களை நிமிர்த்திவிட்டு, பொத்தானைத் தேடினாள்.